மன்னருக்கும் மக்களுக்கும் நடுவே: திவான் ரங்காச்சார்லு

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)

 

மைசூர் நகரின் நடுவே, பெரிய மணிக்கூண்டிற்கு அருகில், உயர்ந்த தூண்களோடு ஒரு மண்டபம் நிற்கின்றது. தேவராஜ மார்க்கெட்டுக்குக் காய்கறி வாங்கச் செல்லும் நம் வீட்டுப் பெண்கள் அதனை நாள்தோறும் பார்க்கின்றனர். நகரசபை மண்டபம், டவுன் ஹால் என்று அதனை எல்லோரும் அழைப்பர். அதன் முழுப் பெயர் ரங்காச்சார்லு நினைவு மண்டபம் என்பது. 1884-ஆம் ஆண்டு எழுந்த கட்டடம் அது. யார் இந்த ரங்காச்சார்லு என்று நம் பிள்ளைகளைக் கேட்டால், பெரும்பாலோர் விழிக்கக் கூடும். அவர் தமிழ்நாட்டிலிருந்து பிழைப்பிற்காக இங்கு வந்த ஒருவர் என்பதும், வந்த ஊரில் அரசாட்சியின் போக்கையே ஒரு படி மாற்றி வைத்தவர் என்பதும் நாம் அறிந்திருக்க வேண்டிய செய்திகள். ஆதலின் இன்றைய பேச்சிற்கு அப்பெரியாரின் வாழ்க்கையையே பொருளாக எடுத்துக் கொண்டேன்.

அந்நியராட்சிக் காலத்தில் உயர்ந்த பதவி வகித்த நம்மவர்களை நாம் இரு வகையாகப் பேசி வருகின்றோம். ஒரு சாரார் அவர்களை வெள்ளைக்காரருக்கு ஊழியம் செய்தவர்கள் என்று ஒதுக்கி விடுகின்றனர். மற்றொரு சாரார் அவர்களைத் தெய்வமாக்கிச் சிலை வைத்து வணங்குகின்றனர். இவ்விரண்டும் எளிய வழிகள். மேலே ஓர் அந்நிய அதிகாரம், பக்கத்தில் ஓர் இளம் மன்னர், கீழே வாயற்ற குடிமக்கள் என்று மூன்று பக்கமும் நெருக்க, நடுவே நின்றவன் தன் கையில் இருந்த சிறிதளவு உரிமையை யாருக்காகப் பயன்படுத்தினான் என்று கேட்பதே முறையான கேள்வி. அந்தக் கேள்வியோடு ரங்காச்சார்லுவை அணுகுவோம்.

சி. வி. ரங்காச்சார்லு 1831-ஆம் ஆண்டு செங்கற்பட்டு மாவட்டத்தில் பிறந்தவர். பெயரின் ஈற்றில் தெலுங்கு ஒலி இருப்பினும் அவருடையது தமிழ் வைணவக் குடும்பமே. தந்தையார் செங்கற்பட்டுக் கலெக்டர் கச்சேரியில் ஒரு குமாஸ்தா. பெருஞ்செல்வமோ, ஜமீன் பரம்பரையோ இல்லை. சென்னையில் ஆங்கிலம் பயின்று, அரசாங்க உத்தியோகத்தின் கீழ்ப்படியில் கால் வைத்து, ஒவ்வொரு படியாக ஏறியவர் அவர். இனாம் நிலங்களின் உரிமையை ஆராய்வதற்கென்று அமைந்த இனாம் கமிஷனில் வேலை பார்த்தார். கள்ளிக்கோட்டையில் டெபுடி கலெக்டராக இருந்தார். நிலம், வரி, உரிமை ஆகிய மூன்றின் நெளிவு சுளிவுகளை அறிந்து கொள்ள இதைவிட நல்ல பள்ளிக்கூடம் அக்காலத்தில் வேறில்லை.

இங்கே ஒரு பொருத்தத்தைக் கவனியுங்கள். ரங்காச்சார்லு பிறந்த அதே 1831-ஆம் ஆண்டில்தான் மைசூர் அரசு மன்னரின் கையை விட்டுப் போயிற்று. 1799-இல் திப்பு சுல்தான் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் வீழ்ந்த பின், உடையார் வமிசத்துக் குழந்தையாகிய மூன்றாம் கிருஷ்ணராஜ உடையாரை ஆங்கிலேயர் அரியணையில் அமர்த்தினர். 1830-ஆம் ஆண்டு நகரப் பகுதியில் குடியானவர் கிளர்ச்சி மூண்டது. அதனைக் காரணமாகக் காட்டி, கவர்னர் ஜெனரல் பெண்டிங்க் பிரபு அடுத்த ஆண்டே ஆட்சிப் பொறுப்பைப் பறித்துக் கமிஷனர்களிடம் ஒப்புவித்தார். அரசு அலுவலகங்கள் பெங்களூருக்குப் பெயர்ந்தன. மன்னர் மைசூரில் அரண்மனையோடு நின்றார். அரசைத் திருப்பித் தருமாறு அவர் விடாது மன்றாடினார். 1865-இல் சாமராஜேந்திரர் என்னும் குழந்தையைத் தத்தெடுத்துக் கொண்டார். அக்குழந்தைக்கு வயது வந்ததும் நாட்டைத் திருப்பித் தருவதென்று 1867-இல் இலண்டன் அரசாங்கம் முடிவு செய்தது. மறு ஆண்டு மார்ச்சு மாதம் 27-ஆம் நாள் முதிய மன்னர் கண் மூடினார்.

மன்னர் மறைந்ததும் அரண்மனைக் கணக்கைச் சரி பார்க்க ஓர் ஆள் வேண்டியிருந்தது. கடன்கள், நகைகள், யானைகள், குதிரைகள், நூற்றுக்கணக்கான சேவகர்கள், அவர்களுடைய மானியங்கள் என்று எல்லாம் ஒன்றோடொன்று பின்னிக் கிடந்தன. அந்தச் சிக்கலை அவிழ்க்கத்தான் 1868-ஆம் ஆண்டு ரங்காச்சார்லு மைசூருக்கு அழைக்கப்பட்டார். இன்று நாம் விளக்கொளியில் கண்டு மகிழும் அரண்மனை அன்று இல்லை. அவர் கணக்குப் பார்த்தது மரத்தாலாகிய பழைய அரண்மனையில். அது 1897-இல் தீக்கிரையாகி, இப்போதுள்ள மாளிகை 1912-இல் முடிந்தது. அரண்மனை நிருவாகியாகப் பல ஆண்டுகள் உழைத்த அவர், வீண் செலவுகளை ஒடுக்கிக் கணக்குகளை ஒழுங்காக்கினார். அதே 1868-இல் கள்ளிக்கோட்டையிலிருந்து ஓர் இளைஞரையும் அவர் இங்கு வரவழைத்தார். பாலக்காட்டுத் தமிழராகிய அவ்விளைஞரே பின்னாளில் பதினெட்டு ஆண்டுகள் திவானாக இருந்த கு. சேஷாத்திரி ஐயர்.

மைசூருக்கு வந்து ஆறு ஆண்டுகள் கழிந்த பின், 1874-ஆம் ஆண்டில், மைசூரில் ஆங்கிலேயர் நடத்தி வந்த நிருவாகத்தைப் பற்றி இலண்டனில் ஒரு சிறு நூல் வெளிவந்தது. பெருஞ்சம்பளத்தில் ஐரோப்பிய அதிகாரிகளைப் பெருக்கிக் கொண்டே போவதனால் நாட்டு வருமானம் எவ்வாறு கரைகின்றது என்பதனை அது கணக்கோடு எடுத்துக் காட்டியது. நூலாசிரியர் தம் பெயரை இடவில்லை. மைசூர்வாசி ஒருவர் என்று மட்டும் குறித்திருந்தார். அதனை எழுதியவர் ரங்காச்சார்லு. அரசாங்கத்தின் ஊதியம் பெற்றுக் கொண்டே அரசாங்கத்தின் குறையை எழுதிய துணிவு ஒரு புறமிருக்கட்டும். செங்கற்பட்டிலிருந்து வந்து ஆறே ஆண்டுகள் ஆனவர், தம்மை மைசூர்வாசி என்று எழுதிக் கொண்டாரே, அந்தச் சொல்லைத்தான் நான் உங்கள் முன் வைக்க விரும்புகின்றேன். அவர் அதனை மறைந்து கொள்வதற்குரிய திரையாக மட்டும் கருதியிருக்கலாம். ஆனால் அச்சொல்லுக்குரிய பொறுப்பைப் பின்னர் அவர் உண்மையாகவே ஏற்றுக் கொண்டார்.

அவ்வேளையில் மைசூரைப் பெரும் பஞ்சம் தாக்கிற்று. 1876 முதல் 1878 வரை தென்னாடு முழுவதையும் வாட்டிய தாது வருஷப் பஞ்சம் என்று நம் பாட்டிமார் சொல்லிக் கேட்டிருப்போமே, அதே பஞ்சந்தான். 1871-ஆம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி மைசூர் நாட்டில் 50 இலட்சத்து 55 ஆயிரம் பேர் இருந்தனர். 1881-ஆம் ஆண்டுக் கணக்கில் எஞ்சியவர் 41 இலட்சத்து 86 ஆயிரம் பேரே. பத்தாண்டுகளில் பெருக வேண்டிய மக்கள் தொகை ஏறத்தாழ ஆறில் ஒரு பங்கு குறைந்து போயிற்று. ஏரிகள் வறண்டன, மாடுகள் மடிந்தன, கஜானா காலியாயிற்று. இந்திய அரசாங்கத்திற்கு மைசூர் 80 இலட்சம் ரூபாய் கடன்பட்டது. நாட்டின் ஓராண்டு வருமானமே அப்போது ஏறத்தாழ ஒரு கோடி ரூபாய்தான் என்பதை எண்ணிப் பார்த்தால் அக்கடனின் சுமை விளங்கும்.

இந்த நிலையில்தான் 1881-ஆம் ஆண்டு மார்ச்சு 25-ஆம் நாள் நாடு மன்னரிடம் திரும்ப ஒப்படைக்கப்பட்டது. சாமராஜேந்திர உடையாருக்கு அப்போது வயது பதினெட்டு. ரங்காச்சார்லு திவான் ஆனார். அவருக்கு வயது ஐம்பது. அந்நியர் ஆட்சிக்கு மைசூர் உட்பட்டிருந்த ஐம்பது ஆண்டுகளும் அவருடைய வயதும் ஒன்றாகவே இருந்தன.

நாடு திரும்பி வந்தது என்றோமே, எவ்வளவு திரும்பி வந்தது? ஒப்படைப்புப் பத்திரத்தின் நிபந்தனைகளைப் பார்த்தால் உண்மை புலப்படும். அதற்கு முன் ஆண்டுதோறும் 24½ இலட்சம் ரூபாய் கப்பம் கட்டி வந்த மைசூர், இனி 35 இலட்சம் கட்ட வேண்டும் என்று எழுதப்பட்டது. பஞ்சத்தை முன்னிட்டு அந்த உயர்வு மட்டும் சில ஆண்டுகள் தள்ளி வைக்கப்பட்டது. ஏற்கெனவே நடைமுறையில் இருந்த முக்கியமான சட்டங்களைக் கவர்னர் ஜெனரலின் இசைவின்றி மாற்றக் கூடாது. படைபலத்திற்கு வரம்பு உண்டு. பெங்களூர்த் தண்டுப் பகுதி ஆங்கிலேயர் கையிலேயே இருக்கும். அதுவரை சீப் கமிஷனராக இருந்த ஜேம்ஸ் கோர்டன் துரையே இனி ரெசிடெண்டாக இருந்து மேற்பார்வை செய்வார். சுருங்கச் சொன்னால், சாவி மன்னர் கைக்கு வந்தது. பூட்டு மட்டும் கல்கத்தாவில் இருந்தது. திவான் என்பவர் இவ்விருவருக்கும் நடுவே நின்று, ஒருவர் மனம் கோணாமலும் மற்றவர் ஐயம் கொள்ளாமலும் நாட்டை நடத்த வேண்டியவர்.

இத்தகைய திவானிடம் நாம் எதிர்பார்க்கக் கூடியது சிக்கனம் ஒன்றே. ரங்காச்சார்லு அதனைக் கடுமையாகவே செய்தார். ஐரோப்பிய அதிகாரிகளின் எண்ணிக்கையைக் குறைத்தார். எட்டாக இருந்த மாவட்டங்களை ஆறாகச் சுருக்கினார். ஹாசனும் சித்திரதுர்க்கமும் தனி மாவட்டம் என்னும் நிலையை இழந்தன. இச்சுருக்கம் அவ்வூர் மக்களுக்கு இன்னலாகவே முடிந்தது. கச்சேரிக்குப் போக வேண்டிய குடியானவன் இன்னும் நெடுந்தூரம் நடக்க வேண்டியவன் ஆனான். அவர் மறைந்த பின், 1886-இல், ஹாசன் மீண்டும் மாவட்டமாயிற்று. கஜானாவின் கண்ணோடு மட்டும் நாட்டைப் பார்த்தால் எங்கே தவறு நேரும் என்பதற்கு இதுவும் ஓர் எடுத்துக்காட்டு. ஆயினும் வேண்டிய இடத்தில் செலவு செய்ய அவர் பின்வாங்கவில்லை. பஞ்ச நிவாரண வேலையாகத் தொடங்கிய பெங்களூர்–மைசூர் இரயில் பாதையை விரைவுபடுத்தினார். 1882-இல் இரயில் மைசூரை வந்தடைந்தது. வெளியிலிருந்து தானியம் வந்து சேர வழியில்லாமையால் மக்கள் மடிந்ததைக் கண்ட ஒருவருக்கு, இரும்புப் பாதை என்பது உயிர்ப் பாதை அன்றோ!

அன்பர்களே, சிக்கனம் செய்த திவான்கள் பலர். இரயில் போட்டவர்களும் பலர். ரங்காச்சார்லுவின் பெயர் நிலைத்தது வேறொரு செயலால். பதவியேற்று ஐந்து மாதங்களில், 1881-ஆம் ஆண்டு ஆகஸ்டு 25-ஆம் நாள், மகாராஜாவின் பெயரால் ஓர் உத்தரவு பிறந்தது. அரசாங்கம் என்ன செய்கின்றது, எதற்காகச் செய்கின்றது என்பதைக் குடிமக்களுக்கு நேரில் எடுத்துரைப்பதற்கும், அவர்களுடைய தேவைகளை அவர்கள் வாயாலேயே கேட்பதற்கும் ஆண்டுக்கு ஒருமுறை ஒரு சபை கூட்டப்படும் என்றது அவ்வுத்தரவு. ஒவ்வொரு தாலுக்காவிலிருந்தும் செல்வாக்கும் உலக அறிவும் உள்ள நிலக்காரர் ஓரிருவர் வர வேண்டும். ஒவ்வொரு மாவட்டத்திலிருந்தும் வணிகர் சிலர் வர வேண்டும். அதுவே மைசூர்ப் பிரதிநிதி சபை. கன்னடத்தில் பிரஜா பிரதிநிதி சபா என்பர். அவ்வாண்டு அக்டோபர் 7-ஆம் நாள் அச்சபை முதன்முறையாகக் கூடிற்று. வந்திருந்தோர் 144 பேர்.

சபை கூடும் காலமாகத் தசராவைத் தேர்ந்ததிலும் ஒரு நுட்பம் உண்டு. தசரா என்றால் மைசூரில் தர்பார். நாட்டின் நாற்புறத்திலிருந்தும் பெரிய மனிதர்கள் எப்படியும் மைசூருக்கு வருவர். அரியணையில் அமர்ந்த மன்னரைக் கண்டு வணங்கிக் காணிக்கை செலுத்திச் செல்வர். அதுவரை அவர்கள் வந்தது வணங்குவதற்கு மட்டுமே. இனி வணங்கிய பின் அமர்ந்து கேட்பதற்கும், எழுந்து சொல்வதற்கும் அவர்களுக்கு இடம் கிடைத்தது. பழைய விழாவின் உள்ளேயே ஒரு புதிய வழக்கத்தை நட்டு வைத்தார் திவான். அரண்மனை மனிதர்கள் அஞ்சவில்லை, ரெசிடெண்டும் தடுக்கவில்லை. வித்து நிலத்தில் விழுந்து விட்டது.

அச்சபையில் நடந்தது என்ன? திவான் எழுந்து நின்று நாட்டின் வரவு இவ்வளவு, செலவு இவ்வளவு, கடன் இவ்வளவு, இன்ன வேலைகள் நடந்தன, இன்னவை நடக்கவிருக்கின்றன என்று அறிக்கை வாசித்தார். இன்று நமக்கு இது சாதாரணமாகத் தோன்றலாம். வரி கொடுப்பவனுக்கு அரசன் கணக்குச் சொல்வது என்பது அக்காலச் சுதேச சமஸ்தானங்களில் கேட்டறியாத செய்தி. வரியை வாங்குபவன் மேலே, கொடுப்பவன் கீழே என்பதே முறையாக இருந்தது. இந்தியத் தேசியக் காங்கிரஸ் தோன்றியது 1885-இல். அதற்கு நான்கு ஆண்டுகள் முன்பே, ஒரு சமஸ்தானத்தின் தலைமை அதிகாரி கிராமத்து நிலக்காரர் முன் நின்று கணக்கு ஒப்புவித்தார். மறு ஆண்டுக் கூட்டத்தில் அவர் வேளாண்மை ஒன்றை மட்டும் நம்பி எந்த நாடும் செழிக்க இயலாது, கைத்தொழிலும் உடன் வளர வேண்டும் என்று வற்புறுத்தினார். பஞ்சத்தில் ஆறில் ஒரு பங்கு மக்களை இழந்த நாட்டில் அது வெறும் மேடைப் பேச்சன்று.

இச்சபையின் குறைகளையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். அதற்குச் சட்டம் செய்யும் அதிகாரம் இல்லை. வரியை மறுக்கும் அதிகாரம் இல்லை. உறுப்பினர்களை மக்கள் தேர்ந்தெடுக்கவுமில்லை, அதிகாரிகளே பொறுக்கி அனுப்பினர். வந்தவர்கள் வசதியுள்ளவர்கள். நிலமற்ற உழவனுக்கும், தீண்டாமையால் ஒதுக்கி வைக்கப்பட்டவனுக்கும், பெண்களுக்கும் அங்கே இடமில்லை. ஆகவே அது மக்களாட்சி ஆகாது. எனினும் ஆண்டுதோறும் கேள்வி கேட்கும் பழக்கம் ஏற்பட்ட இடத்தில், நாளடைவில் கேட்கும் உரிமையும் வந்தே தீரும். 1891-இல் தேர்தல் முறை புகுந்தது. 1907-இல் சட்டசபை ஒன்று தனியாக அமைந்தது. 1923-இல் பிரதிநிதி சபைக்குச் சட்டபூர்வமான நிலை கிடைத்தது. 1949-இல் அது கலைக்கப்பட்டபோது, நாடே குடியரசாகும் வாயிலில் நின்றது.

தாம் நட்ட செடி தழைப்பதை ரங்காச்சார்லு காணவில்லை. இரண்டே கூட்டங்களை நடத்தினார். உடல்நலம் குன்றிச் சென்னைக்குச் சென்றவர், 1883-ஆம் ஆண்டு சனவரி 20-ஆம் நாள் அங்கே காலமானார். திவானாக இருந்த காலம் இரண்டு ஆண்டுகள்கூட நிறையவில்லை. அவரிடம் பயிற்சி பெற்ற சேஷாத்திரி ஐயர் முப்பத்தேழு வயதில் திவானாகி 1901 வரை ஆண்டார். காவிரியின் சிவனசமுத்திர அருவியிலிருந்து மின்சாரம் எடுத்துக் கோலார்த் தங்க வயலுக்கு அனுப்பும் திட்டம் அவர் காலத்தில் உருவாகி, அவர் மறைந்த மறு ஆண்டாகிய 1902-இல் நிறைவேறியது.

இனி, நம் மனத்தை உறுத்தும் ஒரு செய்திக்கு வருகின்றேன். தமிழர்களாகிய நாம் ரங்காச்சார்லு, சேஷாத்திரி ஐயர் என்று பெருமையோடு சொல்லிக் கொள்கின்றோம். அதே காலத்துக் கன்னட மக்களில் பலர் அதனை வேறு விதமாக உணர்ந்தனர். வெள்ளைக்காரர் போய்ச் சென்னைக்காரர் வந்தனர் என்பது அவர்களுடைய குறை. மேல் உத்தியோகங்களில் சென்னை மாகாணத்திலிருந்து வந்தவர்கள் நிறைந்திருந்தனர். ஊர்ப் பிள்ளைகள் கீழ் உத்தியோகத்திற்குக் காத்திருந்தனர். மைசூர் மைசூராருக்கே என்னும் குரல் எழுந்தது. சேஷாத்திரி ஐயர் காலத்தில் அக்குரல் வலுத்தது. பின்னர், உத்தியோகங்கள் ஒரே சாதியாரிடம் குவிந்திருப்பதைப் பற்றியும் கேள்வி எழுந்து, 1918-இல் நீதிபதி மில்லர் தலைமையில் ஒரு குழு அமைந்தது. இக்குறைகளை வெறும் பொறாமை என்று தள்ளி விடுதல் நேர்மையாகாது. தன் வீட்டு முற்றத்தில் தனக்கு இடமில்லை என்று ஒருவன் வருந்தினால், அவ்வருத்தத்தில் நியாயம் உண்டு.

இதனை நாம் விளங்கிக் கொள்வதற்குக் கடல் கடந்த ஓர் எடுத்துக்காட்டுத் துணை செய்யும். பிஜித் தீவுக் கரும்புத் தோட்டங்களில் நம் பெண்கள் பட்ட துயரைப் பாரதியார் பாடினாரே, அத்தீவிற்குச் சென்னைத் துறைமுகத்திலிருந்து 1903 முதல் நம்மவர் ஒப்பந்தக் கூலிகளாகச் சென்றனர். அங்கே ராட்டு சர் லாலா சுகுனா என்றொரு பெருந்தலைவர் இருந்தார். 1888-இல் தலைவர் குடியில் பிறந்து, ஆக்ஸ்போர்டில் பயின்று, முதல் உலகப் போரில் பிரெஞ்சுப் படையில் போர் புரிந்து, ஆங்கிலேயரின் குடியேற்ற அரசாங்கத்தில் உயர் பதவிகள் வகித்து, 1958-இல் மறைந்தவர். அவர் தம் பதவியைக் கொண்டு 1940-இல் ஒரு சட்டம் வரச் செய்தார். பிஜியர்களின் நிலம் அவர்கள் கையை விட்டுப் போகாமல் ஓர் அறங்காவல் வாரியத்தின் பாதுகாப்பில் வந்தது. வியர்வை சிந்திக் கரும்பு விளைத்த நம்மவருக்கு அந்நிலம் குத்தகைக்கு மட்டுமே கிடைத்தது. நம்மவர் பக்கமிருந்து பார்த்தால் இது கொடுமையாகத் தோன்றும். பிஜியர் பக்கமிருந்து பார்த்தால், தம் மண்ணைக் காத்துத் தந்த தலைவர் அவர். மண்ணின் மக்களுக்கு உள்ள அச்சமும், வந்து உழைத்தவர்க்கு உள்ள உரிமையும் ஆகிய இரண்டும் உண்மை என்பதை அங்கே தெளிவாகக் காணலாம்.

மைசூரிலும் இவ்விரண்டு உண்மைகளும் மோதியதுண்டு. 1991-ஆம் ஆண்டு டிசம்பரில் காவிரி நீர்ப் பூசலை ஒட்டிக் கலவரம் எழுந்தபோது, இம்மாநிலத்துத் தமிழ்க் குடும்பங்கள் பட்ட அச்சத்தை இங்குள்ள மூத்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். அத்தகைய நாள்களில், நாங்கள் பல தலைமுறையாக இங்கு இருக்கின்றோமே, எங்களுக்கு உரிமை இல்லையா என்று நம் உள்ளம் கேட்கின்றது. உரிமை உண்டு. அரசியல் சட்டம் அதனைத் தந்திருக்கின்றது. ஆனால் அண்டை வீட்டாரின் அன்பை எந்தச் சட்டமும் எழுதித் தராது. அது ஈட்டிக் கொள்ள வேண்டிய பொருள்.

அதனை ஈட்டுவது எவ்வாறு? இங்குதான் ரங்காச்சார்லுவின் வாழ்க்கை நமக்கு ஒளி காட்டுகின்றது. அவர் தம் உறவினர்க்கு என்ன செய்தார் என்று இந்த ஊர் நினைவில் வைத்திருக்கவில்லை. தமிழர்க்கென்று தனியாக எதையும் அவர் நிறுவி விடவில்லை. அவர் விட்டுச் சென்றது கன்னடக் குடியானவன் எழுந்து நின்று பேசுவதற்குரிய ஒரு சபை. அதனால்தான் சென்னைக்காரர் மேல் எத்துணைக் கசப்பு எழுந்தபோதும், நகரின் நடுவிலுள்ள அம்மண்டபத்தின் பெயரை இந்நகர மக்கள் காத்து வைத்திருக்கின்றனர். வந்தவன் எதைக் கொண்டு சென்றான் என்று ஊர் சில காலம் கணக்கிடும். எதை விட்டுச் சென்றான் என்பதே நெடுநாள் நிற்கும்.

நம்மில் யாரும் திவான் ஆகப் போவதில்லை. ஆனால் ஒவ்வொருவரும் ஏதோ ஓர் இடத்தில் நடுவே நிற்பவர்தான். ஒருவர் வங்கியில் மேசைக்கு அந்தப் பக்கம் இருக்கின்றார். ஒருவர் பள்ளியில் ஆசிரியர். ஒருவர் தொழிற்சாலையில் மேற்பார்வையாளர். ஒருவர் கடை நடத்துகின்றார். நம் முன் வந்து நிற்கும் கிராமத்து மனிதருக்கு அவர் மொழியில், பொறுமையாக, அவருக்குரிய செய்தியைச் சொல்கின்றோமா? அவர் கேட்கும் கேள்விக்குக் கணக்குச் சொல்லக் கடமைப்பட்டவர்கள் என்று நம்மைக் கருதுகின்றோமா? ரங்காச்சார்லு 144 பேர் முன் செய்ததை நாம் ஒருவர் முன்னிலையில் செய்தால் போதும்.

சங்கத்தாருக்கு ஒரு வேண்டுகோளும் உண்டு. நம் குழந்தைகளுக்குத் தமிழ் கற்பிப்பது தலையாய கடமை. அதில் ஐயமில்லை. தாய்மொழியை மறந்தவன் வேரற்ற மரம். அதனோடு கன்னடத்தைப் பிழையின்றி எழுதவும் படிக்கவும் வயது வந்தோருக்கும் ஒரு வகுப்பு இருந்தால் நல்லது. கடைத்தெருவில் பேசும் அளவிற்குக் கன்னடம் நம் எல்லோர்க்கும் தெரியும். அம்மொழியின் நூல்களைப் படித்து இன்புறும் அளவிற்கு அறிந்தவர் நம்மில் எத்தனை பேர்? தமிழை வீட்டிலும் கன்னடத்தை வெளியிலும் வைத்துக் கொள்ளாமல், இரண்டையும் உள்ளத்தில் வைத்துக் கொள்ளும் பிள்ளைகளை நாம் வளர்க்க வேண்டும். விடுமுறை நாளொன்றில் அவர்களை மணிக்கூண்டருகே அழைத்துச் சென்று, அம்மண்டபத்தைக் காட்டி, இந்தக் கதையைச் சொல்லுங்கள். அரண்மனையைக் காட்ட ஆயிரம் வழிகாட்டிகள் உண்டு. இதனைச் சொல்ல நாம்தான் உண்டு.

சற்று முன் நம் செயலாளர் ஆண்டறிக்கை படித்தார். பொருளாளர் வரவு செலவுக் கணக்கை ஒப்புவித்தார். பின் வரிசையிலிருந்து ஒருவர் எழுந்து மண்டப வாடகையைப் பற்றிக் கேள்வி கேட்டார். பொருளாளரும் முகம் கோணாமல் விடை சொன்னார். அக்கேள்வியும் விடையும் இந்த விழாவிற்கு அழகு சேர்த்தன என்றே நான் கருதுகின்றேன். இந்த நல்ல வழக்கம் நம் சங்கத்தில் என்றும் வளர்க என்று வாழ்த்துகின்றேன்.